மஞ்சள் கனெக்டரைத் தொடும் முன்: மரக்காணம் சாலையோரப் பட்டறைகளுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள மெக்கானிக் தம்பிகளுக்கும், எலக்ட்ரீஷியன், டிங்கர், பெயின்டர், சீட் கவர் தைப்பவர், வாட்டர் வாஷ் போடுபவர் என்று காருக்குள் தலையை விட்டு வேலை செய்கிற அத்தனை பேருக்கும்,



கடப்பாக்கத்தில் தொடங்கி மரக்காணம், அனுமந்தை, கூனிமேடு தாண்டிக் கோட்டக்குப்பம் வரை கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டி உங்கள் பட்டறைகள் இருக்கின்றன. சென்னைக்கும் புதுச்சேரிக்கும் நடுவே எந்தக் கார் மூச்சுத் திணறி நின்றாலும் முதலில் வருவது உங்களிடம்தான். நானும் அப்படி ஒரு கொட்டகையில் கிரீஸ் கையோடு வளர்ந்தவன். இப்போது வயதாகிவிட்டது, முதுகு வளைய மறுக்கிறது. அதனால் இந்த மடல்.

எழுதத் தூண்டியது ஒரு பழைய நிகழ்ச்சி. என் பட்டறையிலேயே நடந்தது, தப்பு என்னுடையதும்தான்.

உப்பளத்தில் ஒப்பந்த வேலை பார்க்கும் ஒருவர் தன் காரைக் கொண்டுவந்தார். டிரைவர் பக்க சீட் பெல்ட் இழுத்தால் வருகிறது, விட்டால் திரும்பி உள்ளே போகவில்லை, கதவிடுக்கில் மாட்டிக்கொள்கிறது என்றார். நான் வேறொரு வண்டியின் அடியில் இருந்தேன். வேலை பழகிக்கொண்டிருந்த பையனிடம் "பாருடா" என்றேன். அவன் கெட்டிக்காரன். நடுத்தூணின் பிளாஸ்டிக் மூடியைக் கழற்றி, மஞ்சள் கனெக்டரைப் பிடுங்கி, போல்ட்டை அவிழ்த்து, பெல்ட் சுருளும் ரீலைக் கழற்றி மேஜைமேல் படுக்கவைத்துவிட்டான். பெல்ட்டை இழுத்துப் பார்த்தான், அசையவில்லை. மறுபடி இழுத்தான், அசையவே இல்லை. "அண்ணே, ரீல் ஜாம் ஆயிடுச்சு" என்று சொல்லிக்கொண்டே சுத்தியலை எடுத்தான்.

சுத்தியல் இறங்குவதற்குள் கத்திவிட்டேன். அந்தக் கத்தலின் பின்னால் இருந்த காரணங்களை அன்று அவனிடம் முழுதாகச் சொல்லவில்லை. இன்று உங்களிடம் சொல்கிறேன்.

முதல் காரணம், அந்த ரீல் ஜாம் ஆகவே இல்லை. ரீலுக்குள் ஒரு சிறு குண்டோ ஊசலோ இருக்கும். கார் திடீரென வேகம் குறைந்தாலும், ஒரு பக்கம் அதிகமாகச் சாய்ந்தாலும் அது நகர்ந்து பல்சக்கரத்தைப் பூட்டிவிடும். காரில் எந்தக் கோணத்தில் நிற்கவேண்டுமோ அந்தக் கோணத்தில் ரீல் நின்றால்தான் பெல்ட் இழுபடும். மேஜையில் படுக்கவைத்தால், வண்டி கவிழ்ந்துவிட்டது என்று நினைத்துப் பூட்டிக்கொள்ளும். அதுதான் அதன் வேலை. கையில் எடுத்து, காரில் இருந்த கோணத்தில் நிமிர்த்திப் பிடித்து மெதுவாக இழுத்தேன், தாராளமாக வந்தது. சாலையோரச் சரிவில் ஒரு பக்கம் சாய்ந்து நிற்கிற காரில் பெல்ட் வர மறுப்பதும் இதனால்தான். சமதரைக்குக் கொண்டுபோய் இழுத்துப் பாருங்கள், பாதிப் புகார் அங்கேயே தீர்ந்துவிடும்.

இரண்டாவது காரணம் பெரியது. அந்த ரீலின் பக்கவாட்டில் விரல் பருமனில் ஒரு குழாய் இருந்தது, டென்ஷனர் என்பது அதுதான். அதற்குள் வெடிக்காத மருந்து இருந்தது.

மூன்றாவது காரணத்தைச் சொன்னால் சிரிப்பீர்கள். அந்தப் பெல்ட்டில் பழுதே இல்லை. தோளுக்கு மேலே பெல்ட் வளைந்து இறங்குகிற வளையத்தில் வியர்வையும் உப்புத்தூசியும் சேர்ந்து பிசினாகப் படிந்திருந்தது, அவ்வளவுதான். வெதுவெதுப்பான சோப்புத் தண்ணீரில் துணியை நனைத்து வளையத்தைத் துடைத்தேன். பெல்ட்டை முழுவதும் வெளியே இழுத்துக் கிளிப் போட்டு நிறுத்தி, அதையும் துடைத்து, நிழலில் காயவைத்தேன். மாலையில் பெல்ட் தானாக உள்ளே ஓடியது.

துணியால் முடியவேண்டிய வேலை சுத்தியல் வரை போயிருந்தது. இந்த மடலில் நான் சொல்ல வருவது இதைத்தான்: சீட் பெல்ட்டில் வருகிற பெரும்பாலான வேலைகளுக்கு டென்ஷனரைத் தொடவே தேவையில்லை. தொட்டே ஆகவேண்டிய வேலையில், கழற்றி மாற்றுவது மட்டும்தான் நம்முடையது. பிரிப்பது யாருடைய வேலையும் இல்லை.

உள்ளே என்ன நடக்கிறது என்று தெரிந்தால்தான் பயம் சரியான அளவில் இருக்கும். இன்று நாம் போடுகிற மூன்று முனைப் பெல்ட்டை வோல்வோ கம்பெனிக்காக நில்ஸ் போலின் வடிவமைத்தார். 1959-ல் அது காரில் வந்தது. மற்ற கம்பெனிகளும் போட்டுக்கொள்ளட்டும் என்று வோல்வோ அந்தக் காப்புரிமையைத் திறந்துவிட்டது. ஆனால் அந்தப் பெல்ட்டுக்கு ஒரு குறை உண்டு. சட்டைக்கும் பெல்ட்டுக்கும் நடுவே எப்போதும் கொஞ்சம் தளர்வு இருக்கும். கார் மோதும்போது அந்தத் தளர்வு தீரும்வரை உடம்பு முன்னே பாய்கிறது. அந்தத் தளர்வை முன்கூட்டியே இழுத்து எடுக்கத்தான் டென்ஷனர். 1981-ல் மெர்சிடிஸ் எஸ் கிளாஸ் காரில் ஏர்பேக்கும் இதுவும் ஜோடியாக வந்தன. இன்று நம் ஊர்ச் சின்னக் கார்களிலும் முன் சீட்டுகளில் இது இருக்கிறது.

மோதல் நடந்ததும் ஏர்பேக் கன்ட்ரோல் யூனிட் ஒரு மின்துடிப்பை அனுப்பும். அது மஞ்சள் கனெக்டர் வழியாக ஒரு சின்ன மின்திரிக்குப் போகும். திரி மருந்தைப் பற்றவைக்கும், மருந்து வாயுவாகும். அந்த வாயு, கம்பெனிக்கு ஏற்றபடி, ஒரு பிஸ்டனையோ குழாயில் அடுக்கிய எஃகுக் குண்டுகளையோ தள்ளும். ரீல் பின்னோக்கிச் சுழன்று பத்துப் பதினைந்து சென்டிமீட்டர் பெல்ட்டை வெடுக்கென உள்ளே இழுக்கும். சில கார்களில் இது ரீலில் இருக்காது, பக்கிள் பக்கம் சீட்டோரத்தில் இருக்கும். சிலவற்றில் இரண்டு இடத்திலும் இருக்கும். எல்லாம் ஏறத்தாழ 10 முதல் 15 மில்லி விநாடிக்குள் முடிந்துவிடும். ஒரு முறை கண் இமைத்து முடிப்பதற்குள் இது பல முறை நடந்திருக்கலாம். இழுத்த பிறகு நெஞ்செலும்பு நொறுங்காமல் இருக்க, ரீலின் நடுத்தண்டு முறுக்கிக்கொண்டு கொஞ்சம் விட்டுக்கொடுக்கும். ஒரே ஒரு முறைக்கான ஏற்பாடு இது. வெடித்த டென்ஷனரை மறுபடி உயிர்ப்பிக்க யாராலும் முடியாது.

இவ்வளவு வேகத்தில், உட்கார்ந்திருக்கும் ஆளைச் சீட்டோடு இழுத்துப் பிடிக்கிற விசை, மேஜைமேல் குனிந்து பார்க்கிறவன் கையில் வெடித்தால் விரல் என்ன ஆகும் என்று நான் சொல்லவேண்டியதில்லை.

டெஸ்ட் லேம்பைப் பற்றித் தனியாகச் சொல்லவேண்டும். எலக்ட்ரீஷியன் தம்பிகள் எல்லோர் பாக்கெட்டிலும் அது இருக்கிறது. ஒயரில் கரன்ட் வருகிறதா என்று பார்க்க அதைவிடச் சுலபமான சாமான் கிடையாது. ஆனால் கணக்குப் போடுங்கள். இன்டிகேட்டர் பல்ப் 12 வோல்ட், 21 வாட். அது இழுக்கும் கரன்ட் 1.75 ஆம்பியர். டென்ஷனரின் மின்திரி 1.2 ஆம்பியர் கரன்டில் 2 மில்லி விநாடியில் நிச்சயம் பற்றிக்கொள்ளும்படி செய்யப்பட்டது. 5 வாட் சின்ன பல்ப்தானே என்றால், அதன் குளிர்ந்த இழை முதல் கணத்தில் இழுக்கும் கரன்ட் அதன் கணக்கைப்போலப் பல மடங்கு. ஆக, மஞ்சள் ஒயரில் டெஸ்ட் லேம்ப் வைப்பதும் தீக்குச்சி கிழிப்பதும் ஒன்றுதான். மல்டிமீட்டரை ஓம்ஸில் வைத்து டென்ஷனரை நேராக அளப்பதையும் கம்பெனிகள் தடுத்திருக்கின்றன. மீட்டருக்குள் இருக்கும் பேட்டரி எவ்வளவு கரன்ட் அனுப்பும் என்பது மீட்டருக்கு மீட்டர் மாறும். ஸ்கேனர் போட்டுப் பழுதுக் குறியீட்டை எடுங்கள். லைனைச் சோதிக்கவேண்டுமானால் டென்ஷனரைக் கழற்றிவிட்டு, அதன் இடத்தில் கம்பெனி சொல்லும் டம்மி லோடைப் போட்டுச் சோதியுங்கள்.

மரக்காணத்துக்கென்று ஒரு கஷ்டம் இருக்கிறது. பக்கிங்காம் கால்வாய் வந்து முடிகிற ஊர் இது. ஒரு பக்கம் கழுவெளி, ஒரு பக்கம் கடல், நடுவே பாத்தி பாத்தியாக உப்பளம். தை மாசி தொடங்கி வடகிழக்குப் பருவமழை வரும்வரை உப்பு வாருகிறார்கள். காற்றே உப்பாக இருக்கிறது. உப்பு ஈரத்தை இழுக்கும் என்பதை வீட்டு உப்பு ஜாடியே சொல்லும். சீட்டுக்கு அடியில் இருக்கிற மஞ்சள் கனெக்டரின் பித்தளைக் காலில் இந்த ஈரம் பச்சைப் பூவாகப் பூக்கும். கால் அரித்தால் தடை ஏறும். தடை ஏறினால் கன்ட்ரோல் யூனிட் மிரளும், ஏர்பேக் லைட் எரியும். பாத்தியில் நின்ற காலோடு ஏறி உட்காருகிறவர்களின் காரில் இது சீக்கிரமே வரும். உப்புமணிகள் பெல்ட்டின் நெசவுக்குள் புகுந்து நூலை உள்ளிருந்து அறுப்பதும் உண்டு. வெளியே பளபளவென்று இருக்கிற பெல்ட்டை மடித்துப் பிடித்து, வளையத்தில் உரசுகிற இடத்தை விரலால் தடவுங்கள். பஞ்சு பஞ்சாக நூல் எழுந்திருந்தால் மாற்றவேண்டிய பெல்ட் அது.

மழை வெள்ளம் இன்னொரு பிரச்சினை. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தபோது, புதுச்சேரியில் ஒரே நாளில் 45 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. தெருவில் நின்ற கார்களுக்குள் தண்ணீர் புகுந்தது. தண்ணீர் வடிந்ததும் கார்க்காரர் முதலில் செய்வது சாவியைப் போட்டுப் பார்ப்பது. தயவுசெய்து தடுங்கள். கன்ட்ரோல் யூனிட் பெரும்பாலும் இரண்டு முன் சீட்டுகளுக்கு நடுவே, தரையை ஒட்டி இருக்கிறது. பக்கிள் டென்ஷனரும் அதே உயரம். கார்ப்பெட் முழுகிய காரில் பேட்டரியைக் கழற்றாமல் எதையும் தொடாதீர்கள். முழுகிய டென்ஷனரைக் காயவைத்து மாட்டுவது வேண்டாம். மாற்றித்தான் ஆகவேண்டும் என்று கார்க்காரரிடம் முகத்துக்கு நேரே சொல்லிவிடுங்கள்.

இனி, கழற்றியே ஆகவேண்டிய வேலை வந்தால் என் வழக்கம் இது.

சாவியை எடுத்துப் பாக்கெட்டில் போடுவேன். புஷ் பட்டன் கார் என்றால் சாவியைக் காரிலிருந்து தள்ளி வைப்பேன். பேட்டரியில் முதலில் மைனஸ் கேபிளைக் கழற்றி, தானாகப் போய்த் தொடாதபடி துணி சுற்றி ஒதுக்கி வைப்பேன். ரேடியோ செட்டிங் போகாமல் இருக்க மாட்டுகிற மெமரி சேவர் எதையும் வைக்கமாட்டேன். இரண்டாவது பேட்டரி இருந்தால் அதையும் கழற்றுவேன். பிறகு டீக்கடைக்குப் போய்விடுவேன். பேட்டரி நொறுங்கிப்போகிற விபத்திலும் ஏர்பேக்கும் டென்ஷனரும் வெடிக்கவேண்டும் என்பதற்காக கன்ட்ரோல் யூனிட்டுக்குள் ஒரு கெப்பாசிட்டர் சார்ஜைப் பிடித்து வைத்திருக்கிறது. அது வடிய நேரம் வேண்டும். சில கம்பெனிகள் 90 விநாடி என்கின்றன, சில 3 நிமிடம், சில 10 நிமிடமும் அதற்கு மேலும். மேனுவலில் உள்ள நேரத்துக்குக் குறைவாக ஒருபோதும் கூடாது. நான் அரை மணி விடுவேன். அந்த அரை மணிக்கு யாரும் என்னிடம் கணக்குக் கேட்டதில்லை.

திரும்பி வந்ததும் வண்டியின் பெயின்ட் இல்லாத இரும்பைத் தொட்டு உடம்பின் ஸ்டாட்டிக்கை இறக்குவேன். சீட் கவர் தைக்கிற தம்பிகள் இதைக் கவனிக்கவேண்டும். ரெக்ஸின் மேலே தேய்ந்து தேய்ந்து உட்காருகிறவர்கள் நீங்கள்தான். மஞ்சள் கனெக்டருக்கு ஒரு பூட்டு நாக்கு உண்டு. அதை முதலில் விடுவித்துவிட்டுக் கனெக்டரைப் பிடித்து இழுக்கவேண்டும், ஒயரைப் பிடித்து இழுக்கக் கூடாது. பல கனெக்டர்களுக்குள் ஒரு சின்னப் பித்தளைத் தகடு இருக்கிறது. கழற்றியதும் அது டென்ஷனரின் இரண்டு காலையும் ஒன்றாக இணைத்துவிடும், தவறிப்போய்க் கரன்ட் பாயாமல் காக்கும். ஸ்க்ரூடிரைவரால் நெம்பினால் முதலில் உடைவது அதுதான்.

கழற்றிய ரீலை உடலைப் பிடித்துத் தூக்குங்கள். ஒயரிலோ பெல்ட்டிலோ தொங்கவிடாதீர்கள். குழாயின் வாயை உங்களையும் பக்கத்தில் நிற்பவரையும் பார்க்காமல் திருப்பி வையுங்கள். வெயிலில், வெல்டிங் பக்கத்தில், பேட்டரி சார்ஜர் மேல் வைக்காதீர்கள். எண்ணெய், பெட்ரோல், ஸ்ப்ரே எதுவும் படக்கூடாது. கீழே விழுந்தது என்றால் பார்க்க நன்றாக இருந்தாலும் மாட்டாதீர்கள். டிங்கர் தம்பிகளுக்கு ஒன்று: நடுத்தூணில் கேஸ் வைத்து நெளிவு எடுப்பதற்கு முன்னும், சுத்தியல் போடுவதற்கு முன்னும் டென்ஷனர் வெளியே வந்திருக்கவேண்டும். பெயின்டர் தம்பிகள் வண்டியைச் சூட்டறையில் விடுவதற்கு முன் மேனுவலில் உள்ள வெப்ப வரம்பைப் பாருங்கள்.

மாட்டும்போது போல்ட்டைக் கவனியுங்கள். பல கார்களில் சீட் பெல்ட் நங்கூர போல்ட் 7/16 அங்குல நுண்மரை. டப்பாவில் கிடக்கிற மில்லிமீட்டர் போல்ட் இரண்டு சுற்று ஏறும், பிறகு மரையைத் தின்னும். கழற்றிய போல்ட்டை அதே இடத்துக்குப் போடுங்கள், அல்லது கம்பெனி போல்ட் வாங்குங்கள். முறுக்குவது டார்க் ரெஞ்சால் மட்டும். எல்லாக் கனெக்டரும் மாட்டியபிறகே பேட்டரி. சாவி போடும்போது காருக்குள் யாரும் உட்கார்ந்திருக்க வேண்டாம். வெளியே நின்று கையை நீட்டிப் போடுங்கள். ஏர்பேக் லைட் சில விநாடி எரிந்து அணையவேண்டும். பிறகு வெடுக்கென்று இழுத்தால் பெல்ட் பூட்டுகிறதா, விட்டால் ஓடுகிறதா, பக்கிள் டக்கென்று பிடிக்கிறதா என்று மூன்றையும் பாருங்கள்.

விபத்தில் வந்த காரில் டென்ஷனர் வெடித்திருக்கிறதா என்று கண்ணாலேயே ஓரளவு கண்டுபிடிக்கலாம். பெல்ட் பாதியில் இறுகி நிற்கும். பக்கிள் டென்ஷனர் என்றால் ஒரு பக்க பக்கிள் மற்றதைவிடச் சில சென்டிமீட்டர் கீழே இறங்கியிருக்கும். பெல்ட்டின் இரும்பு நாக்கிலும் வளையத்திலும் பிளாஸ்டிக் உருகித் தேய்ந்த தழும்பு இருக்கும். வெடித்து முடிந்த சாமான் சுடும், ஆறவிடுங்கள். கையுறை, கண்ணாடி போடுங்கள். அதில் இருக்கும் தூள் கண்ணையும் தோலையும் எரிக்கும், வேலை முடிந்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள்.

கம்பெனிக்காரர்களே தடுக்கி விழுந்த விஷயம் இது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். ஜப்பானின் டகாட்டா கம்பெனி செய்த சீட் பெல்ட் பக்கிளின் சிவப்புப் பட்டன் பிளாஸ்டிக் நொறுங்குகிறது என்று 1995-ல் அமெரிக்காவில் 80 லட்சத்துக்கு மேல் கார்கள் திரும்ப அழைக்கப்பட்டன. அதே கம்பெனியின் ஏர்பேக் மருந்து வெப்பமும் ஈரமும் சேர்ந்த ஊர்களில் ஆண்டுக்கணக்கில் கெட்டுப்போய், வெடிக்கும்போது இரும்புச் சில்லுகளைச் சிதறடித்தது. அமெரிக்காவில் ஃபுளோரிடா போன்ற கடலோர மாநிலங்களின் கார்களைத்தான் முதலில் மாற்றச் சொன்னார்கள். 2017-ல் கம்பெனி திவாலானது. வெப்பமும் ஈரமும் என்றால் நம் கடற்கரைக்கும் பொருந்துகிற பேச்சுதானே? ஃபோர்டு 2018-ல் வட அமெரிக்கச் சந்தையின் எஃப்-150 பிக்கப் வண்டிகள் சுமார் 20 லட்சத்தைத் திரும்ப அழைத்தது. டென்ஷனர் வெடிக்கும்போது அளவுக்கு மீறித் தீப்பொறி பறந்து, நடுத்தூணின் அடியில் இருந்த பஞ்சு பற்றிக்கொண்டது. ஹூண்டாய் 2022 மே மாதம் அமெரிக்காவில் 2.39 லட்சம் கார்களை அழைத்தது, டென்ஷனரே சிதறும் அபாயம் என்று. இந்தியாவில் மாருதி 2022 டிசம்பரில் 9,125 கார்களை, முன் சீட் பெல்ட்டின் தோள் உயரத்தை மாற்றும் பாகத்தில் குறை இருக்கலாம் என்று அழைத்தது. ஆகவே பெல்ட் வேலை வந்தால் முதலில் சேசிஸ் நம்பரைக் கம்பெனி இணையதளத்தில் போட்டுப் பாருங்கள். ரீகாலில் இருந்தால் கம்பெனி இலவசமாக மாற்றித் தரும். அதைச் சொன்ன மெக்கானிக்கைக் கார்க்காரர் மறக்கமாட்டார்.

காயலான் கடையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். பழைய காரின் பெல்ட்டைப் பாதி விலைக்கு வாங்கி மாட்டுவது எல்லா ஊரிலும் நடக்கிறது. அந்த டென்ஷனர் வெடித்ததா, விழுந்ததா, வெள்ளத்தில் கிடந்ததா என்று அதன் முகத்தில் எழுதியிருக்காது. வெடிக்காத டென்ஷனரைக் கழிவு இரும்போடு போடுவது அதைவிட மோசம். அடுத்து அதைத் தொடப்போகிறவன் கையில் கேஸ் கட்டர் இருக்கும். வாகனங்களை உடைக்கப் பதிவுபெற்ற நிலையங்களுக்கான மத்திய விதிகள் 2021-லேயே வந்துவிட்டன. வெடிக்காததை அப்படிப்பட்ட நிலையத்திலோ கம்பெனி சர்வீஸ் சென்டரிலோ ஒப்படையுங்கள். தூரத்திலிருந்து ஒயர் போட்டு வெடிக்கவைத்துவிடலாம் என்று வீடியோ பார்த்து முயற்சி செய்யாதீர்கள்.

கடைசியாக, உங்களுக்கு வருகிற மிகக் கஷ்டமான கோரிக்கை: "அண்ணே, லைட்டை மட்டும் அணைச்சுக் கொடுங்க, வேற ஒண்ணும் வேணாம்." டென்ஷனருக்குப் பதிலாக இரண்டு ஓம் ரெசிஸ்டர் ஒன்றை ஒயரில் சொருகினால் கன்ட்ரோல் யூனிட் ஏமாந்துவிடும், லைட் அணைந்துவிடும். கார்க்காரர் சந்தோஷமாகப் போவார். மோதும்போது யூனிட் அந்த ரெசிஸ்டருக்குத்தான் துடிப்பை அனுப்பும். பெல்ட் பூட்டும், இழுக்காது. இடையில் அந்த வண்டி மூன்று கை மாறியிருக்கும். உள்ளே உட்கார்ந்திருப்பவருக்கு உங்கள் பட்டறையின் பெயர்கூடத் தெரிந்திருக்காது.

பெல்ட் பக்கிளில் சொருகி பீப் சத்தத்தை நிறுத்துகிற போலி கிளிப்பும் இதே ரகம்தான். 2023 மே மாதம் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் ஐந்து இணைய விற்பனைக் கம்பெனிகளின் பக்கங்களிலிருந்து அப்படிப்பட்ட 13,118 விற்பனைப் பதிவுகளை நீக்கவைத்தது. சாலையோர ஆக்சஸரீஸ் கடைகளில் இன்னும் தொங்குகிறது. உங்கள் கடையில் தொங்கினால் இன்றைக்கே கழற்றிவிடுங்கள். சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்கில் 2022-ல் மட்டும் சீட் பெல்ட் போடாமல் இறந்தவர்கள் 16,715 பேர். அவர்களில் ஏறத்தாழப் பாதி டிரைவர்கள், மீதிப் பேர் கூட வந்தவர்கள். அதே ஆண்டு செப்டம்பரில் பால்கரில் கார் விபத்தில் இறந்த தொழிலதிபர் சைரஸ் மிஸ்திரி பின் சீட்டில் பெல்ட் போடாமல்தான் இருந்தார். பெல்ட் போடாவிட்டால் 1,000 ரூபாய் அபராதம் என்பது மோட்டார் வாகனச் சட்டம். அந்தச் சட்டம் பெல்ட் போட்டிருக்கிறாரா என்று மட்டும்தான் பார்க்கும். போட்ட பெல்ட் வேலை செய்யுமா என்று பார்க்கிற ஒரே ஆள் நீங்கள்.

"எங்களால முடியாது, திண்டிவனமோ பாண்டிச்சேரியோ கம்பெனி சர்வீஸுக்குக் கொண்டு போங்க" என்று சொல்ல வெட்கப்படாதீர்கள். கையில் மேனுவல் இல்லை, ஸ்கேனர் இல்லை, டார்க் ரெஞ்ச் இல்லை என்றால் அப்படிச் சொல்வதுதான் தொழில் தெரிந்தவனின் பேச்சு. பாத்தியைக் கெட்டிப்படுத்த எத்தனை நாள் மிதிக்கவேண்டும், எந்த நாளில் கால் வைக்கவே கூடாது என்று உப்பளக்காரருக்குத் தெரியும். கால் வைக்காத அந்த நாட்களும் அவருக்கு வேலை நாட்கள்தான்.

அன்று சுத்தியல் எடுத்த பையன் இப்போது சொந்தப் பட்டறை வைத்திருக்கிறான். அவன் உட்பட உங்கள் எல்லோரிடமும் ஒரே ஒரு வேண்டுகோள். ஷெட் வாசலில் "சீட் பெல்ட் ரீல் இங்கே பிரிக்கப்படாது, ஏர்பேக் லைட் ஏமாற்றி அணைக்கப்படாது" என்று ஒரு போர்டு எழுதி மாட்டுங்கள். பெயின்ட் செலவு என்னுடையது.

இப்படிக்கு,
உங்களில் ஒருவன்,
மரக்காணம்.